வன்னியில் ஐந்து நாள், ஒரு பை நிறைய சோல்டரிங் அயன்

கொழும்பு புறக்கோட்டை முதலாம் குறுக்குத் தெருவில் மின்சாமான், கைக்கருவி மொத்த வியாபாரம் செய்யும் ஒரு கடையில் பதினான்கு வருடமாக வேலை செய்கிறேன். சீனாவிலிருந்து வரும் பெட்டிகளைப் பிரித்து, எண்ணி, நாடு முழுக்கக் கடைகளுக்கு அனுப்புவது என் பொறுப்பு. இந்த வருடம் ஆறு மாதக் கணக்கைப் பார்த்தபோது ஒரு விஷயம் கண்ணில் பட்டது. கொழும்பிலும் கண்டியிலும் சோல்டரிங் அயன், அதாவது ஈயத்தை உருக்கி வயர் ஒட்டும் சூட்டுக் கருவி, கேட்பது குறைந்துகொண்டு வர, வவுனியாவுக்கு வடக்கே போகும் பெட்டிகள் மட்டும் மாதம் மாதம் கூடுகின்றன. எல்லாம் ஆக மலிவான வகை. முதலாளி "அங்க போன் திருத்திற கடை கூடிற்றுது போல, ஒருக்காப் போய்ப் பார்த்துக்கொண்டு வாரும்" என்றார். நானும் அப்படித்தான் நம்பிக்கொண்டு போனேன். திரும்பி வந்து இரண்டு நாள் உடம்பு வலி தீரப் படுத்திருந்துவிட்டு, வழியில் கொப்பியில் எழுதியதை இப்போது நாள்வாரியாகப் போடுகிறேன்.

04.08.2025, திங்கள் – வவுனியா

இரவு பஸ் விடியப்புறம் நாலரைக்கு இறக்கிவிட்டது. பஸ் நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு சின்னக் கடையில் இஞ்சி தட்டிப் போட்ட வெறுந்தேத்தண்ணி, 50 ரூபாய். கடை அம்மா என் பையைப் பார்த்துவிட்டு "என்ன தம்பி, கல்லே கொண்டு போறீர்?" என்று கேட்டார். உள்ளே பன்னிரண்டு விதமான அயன், ஐந்து ஈயச் சுருள், ஒரு டப்பா முனைகள். திறந்து காட்டினேன். ஒன்றைக் கையில் எடுத்துத் திருப்பிப் பார்த்தவர், "இப்பிடி ஒண்டு எங்கட வீட்டிலயும் கிடக்கு, மகன்ரை. சூடு இருக்கு, ஈயம் பிடிக்குதில்லையாம்" என்றார். அந்த வார்த்தையை அப்போது நான் பெரிதாக எடுக்கவில்லை.

எட்டரைக்கே வெய்யில் சுட்டது. சோளகம் வீசிக்கொண்டுதான் இருந்தது, ஆனால் அது காற்றில்லை, அடுப்பங்கரைக் கதவைத் திறந்தமாதிரி ஒரு சூடு, அதோடு புழுதியும். நண்பன் ஒருவனுடைய மோட்டார் சைக்கிளை வாங்கிக்கொண்டு பஜார் பக்கம் போனேன்.

முதல் மூன்று போன் கடைகளிலேயே முதலாளியின் கணக்குப் பிழைத்துவிட்டது. மூன்றிலும் இளம் பெடியள், மேசையில் ஹொட் எயார் மெஷின், பக்கத்தில் ஜப்பான் ஹக்கோ 936 என்ற சோல்டரிங் ஸ்டேஷனைப் பார்த்துச் செய்த சீன ஸ்டேஷன், மேலே நுணுக்குக்காட்டி. ஒருவர் சொன்னார்: "அண்ணை, நான் இந்த ஸ்டேஷன் வாங்கி மூண்டு வருசம். முனை தேஞ்சா ஒன்லைன்ல எடுப்பன். உங்கட அந்த மஞ்சள் பிடி அயனை போனுக்கு வைக்கேலாது." வைக்க முடியாதுதான். அதில் பூமிக் கம்பி கிடையாது. இரண்டு முள் பிளக்கோடு வரும் மலிவு அயனில் முனைவரை கொஞ்சம் மின்சாரம் கசியும், கைக்குத் தெரியாது, ஆனால் போனுக்குள் இருக்கும் சின்ன ஐசிக்கு அது போதும், முடிந்தது கதை. நம் நாட்டுச் சுவரில் இருப்பது 13 அம்பியர் மூன்று சதுரமுள் சொக்கெற். பெட்டியில் வருவதோ இரண்டு முள். கீழ்த் துவாரங்களின் மூடி திறக்கச் சனம் மேல் துவாரத்தில் ஒரு பேனையைக் குத்திக்கொண்டு கீழே பிளக்கைத் திணிக்கிறார்கள். மூன்றாவது கடையிலேயே அதைப் பார்த்தேன், பேனை நிரந்தரமாக அங்கேயே நின்றது.

அப்போ யார் வாங்குகிறார்கள்? அதற்குப் பதில் ஒரு ஹாட்வெயார் கடையில் கிடைத்தது. கடைக்கார ஐயா எங்களிடம் பத்து வருடமாகச் சாமான் எடுப்பவர். "தோட்டம் செய்யிற ஆக்கள்தான் கூட. பிறகு கரையோரத்து ஆக்கள். ஊருக்குள்ள லைற் திருத்திற பொம்பிளையள். போனாக்கள் இதைத் திரும்பியும் பாக்க மாட்டினம்" என்றார். ஒருவரே வருடத்துக்கு இரண்டு மூன்று தடவை வந்து வாங்குவதாகவும் சொன்னார். ஏன் என்று கேட்டால், "பழுதாப் போகுது, வேறென்ன" என்றார்.

விலைக் கதையையும் அவரோடு இருந்து கதைத்தேன். எனக்கு நன்றாக நினைவிருக்கிறது, 2021இல் 60 வாட் சாதாரண அயன் சில்லறையில் 400 ரூபாய் அளவில் விற்றது. 2022 ஏப்ரலில் நாடு வெளிநாட்டுக் கடன் கட்டுவதை நிறுத்தியது. மார்ச் தொடக்கத்தில் 203 ரூபாய் அளவில் நின்ற டாலர் மே மாதத்தில் 360ஐத் தொட்டது. வங்கியில் டாலர் இல்லாததால் கண்டெய்னர்கள் துறைமுகத்திலேயே கிடந்தன. அந்த ஓகஸ்டில் 300க்கு மேற்பட்ட பொருள்களின் இறக்குமதியை அரசாங்கம் இடைநிறுத்தியது. அந்த வருடக் கடைசியில் இதே அயன் எங்கள் கடையிலேயே 1,100 ரூபாய். இப்போது டாலர் 300ஐச் சுற்றி நிற்கிறது, அயன் 850. டாலர் இறங்கிய அளவுக்கு விலை ஏன் இறங்கவில்லை என்று கேட்பவர்களுக்கு: சுங்கத்தில் 8515.11 என்ற எண்ணில் பதிந்து உள்ளே வரும் இந்தச் சாமானுக்குத் துறைமுக, விமான நிலைய அபிவிருத்தி வரி, 2.5 வீதம் சமூகப் பாதுகாப்பு வரி எல்லாம் ஏறி, அதற்கு மேல் பெறுமதி சேர் வரி. அந்தக் கடைசி வரி 2022 நடுவில் 8இலிருந்து 12 ஆனது, பிறகு 15, 2024 ஜனவரியிலிருந்து 18 வீதம்.

மத்தியானம் சோறு 350 ரூபாய். ஆடி மாதம், நல்லூர்த் திருவிழாவும் நடக்கிறது, கடையில் பாதிப்பேர் மரக்கறிதான். கத்தரிக்காய்ப் பால்கறி, பருப்பு, வல்லாரைச் சம்பல், பொரித்த மோர்மிளகாய். இரண்டாம் முறை சோறு கேட்கவே வேண்டியிருக்கவில்லை, பரிமாறிய பெடியன் இலையில் இடம் தெரிந்தவுடன் வந்து நின்றான்.

05.08.2025, செவ்வாய் – மாங்குளம், மல்லாவி

ஓமந்தை, புளியங்குளம், கனகராயன்குளம் தாண்டி மாங்குளம். ஏ9 வீதி இப்போது வழுக்கிக்கொண்டு போகிறது. காலைச் சாப்பாடு சந்தியில்: குரக்கன் புட்டும் மீன் குழம்பும், 250. மீன் எதுவென்று கேட்டேன், ஜப்பான் மீன் என்றார்கள், வவுனிக்குளத்தில் பிடித்தது. நான் அதுவரை குளத்து மீனுக்கு மண்வாசம் அடிக்கும் என்று ஒதுக்கி வந்தவன். இனி ஒதுக்க மாட்டேன்.

அங்கிருந்து மேற்கே மல்லாவி. வழியெல்லாம் சிறுபோக வெட்டு, தெருவின் ஒரு பாதியில் நெல் காயப் போட்டிருந்தார்கள். மல்லாவிச் சந்தியிலிருந்து கொஞ்சம் உள்ளே, ஒரு பாலைமரத்தின் கீழ் தகரக் கொட்டில் போட்டு மருந்தடிக்கும் மெஷின் திருத்தும் ஒரு அண்ணையைத் தேடிப் போனேன். முதுகில் கொழுவும் 16 லீற்றர் பற்றரி மெஷின் வன்னியில் இப்போது வீட்டுக்கு ஒன்று. அதற்குள் ஒரு 12 வோல்ற் பற்றரி, ஒரு சின்னப் பம், ஒரு சுவிச், சார்ச் போடும் துவாரம், அவ்வளவுதான். பழுது வருவது பெரும்பாலும் அந்தத் துவாரத்தின் பின்னால் வயர் அறுந்து. இரண்டு இடத்தில் ஈயம் வைத்தால் சரி. அதற்கு 200 ரூபாய் வாங்குகிறார். புதிய மெஷின் பத்தாயிரத்துக்கு மேல். ஒரு நாளைக்குப் பத்துப் பன்னிரண்டு மெஷின் வருகிறதாம், வெட்டு முடிந்து தோட்டம் தொடங்கினால் இன்னும் கூடும்.

நான் எதற்கு வந்தேன் என்று சொன்னதும் அவர் உள்ளே போய் ஒரு உரப்பையை இழுத்துக்கொண்டு வந்து என் காலடியில் கொட்டினார். அத்தனையும் செத்த அயன். பதினேழு. "இதுகள் உங்கட கடைச் சாமான்தானே தம்பி? ஒண்டரை வருசத்தில இவ்வளவு" என்றார். கோபமாகச் சொல்லவில்லை, அதுதான் எனக்கு இன்னும் கஷ்டமாக இருந்தது.

நிலத்தில் இருந்து ஒவ்வொன்றாக மல்டிமீற்றரில் பார்த்தேன். பதினேழில் சூடாக்கும் எலிமென்ட் அறுந்தது நான்குதான். மற்றப் பதின்மூன்றும் சூடாகும். முனைதான் போய்விட்டது. ஒன்றை வெய்யிலில் தூக்கிப் பார்த்தேன். கூராக இருக்க வேண்டிய இடம் நாய் கடித்த எலும்புமாதிரி ஒரு பக்கம் குழிந்து, கறுத்து, ஓரத்தில் மட்டும் செம்பு சிவப்பாகத் தெரிந்தது. அரம் போட்ட கோடுகள் குறுக்கும் நெடுக்குமாக. அப்போதுதான் வவுனியாவில் தேத்தண்ணிக் கடை அம்மா சொன்னது நினைவுக்கு வந்தது: சூடு இருக்கு, ஈயம் பிடிக்குதில்லை.

இதைக் கொஞ்சம் விளக்கிச் சொல்ல வேண்டும், ஏனென்றால் முழு விஷயமும் இங்கேதான் இருக்கிறது. அயன் முனையின் உட்பக்கம் செம்பு, சூட்டை நன்றாகக் கடத்தும். ஆனால் ஈயம் என்று நாம் சொல்வது ஒரு கலவை, அது உருகும்போது அதில் இருக்கும் வெள்ளீயம் செம்பைக் கரைத்துத் தின்னும். அதனால் செம்புக்கு மேல் மெல்லிய இரும்புப் பூச்சு ஒன்று போட்டிருப்பார்கள். முனை கறுத்தால் ஈர ஸ்பொஞ்சில் துடைத்து உடனே புது ஈயம் பூச வேண்டும், அவ்வளவுதான். அரத்தால் அராவினால் அந்தப் பூச்சுப் போய்விடும். அன்றைக்குப் பளபளவென்று ஈயம் பிடிக்கும், எல்லோருக்கும் சந்தோஷம். இரண்டு மூன்று கிழமையில் செம்பு குழிந்துவிடும். பிறகு புது அயன் வாங்க வேண்டும், ஏனென்றால் மல்லாவியிலோ மாங்குளத்திலோ ஒரு கடையிலும் முனை தனியாக இல்லை.

ஏன் இல்லை? நாங்கள் அனுப்புவதில்லை. அயன் ஒன்றில் கடைக்கு நூறு ரூபாய் மிஞ்சும், முனையில் இருபது. அதற்கு மேல், சாதாரண அயனின் முனை ஒரு ஸ்குரூவில் இறுகும் கம்பி, அதன் தடிப்பு ஒவ்வொரு தொழிற்சாலைக்கும் ஒவ்வொரு மாதிரி, எதை எடுப்பது என்று மண்டையைப் போட்டு உடைக்காமல் அயனாகவே இறக்குவது சுலபம். வன்னியில் கேள்வி கூடுகிறது என்று நாங்கள் கணக்குக் கொப்பியில் பார்த்துச் சந்தோஷப்பட்டது, இந்த உரப்பை நிரம்பிய கணக்கு.

பின்னேரம் அந்த அண்ணை என்னைப் பக்கத்து வளவில் இருந்த ஒரு பெரியவரிடம் கூட்டிக்கொண்டு போனார். எழுபது தாண்டியவர். யுத்த காலத்தில் மல்லாவியில் ரேடியோ திருத்தியவர். 90க்குப் பிறகு இந்தப் பக்கம் மின்சாரமே இல்லை, பற்றரியும் மண்ணெண்ணெயும் தடை, சைக்கிள் டைனமோவைச் சுற்றித்தான் ரேடியோ கேட்டார்கள் என்பது எல்லோருக்கும் தெரிந்த கதை. ஆனால் ரேடியோவை எப்படித் திருத்தினார்கள் என்று நான் யோசித்ததே இல்லை. அவர் உள்ளே இருந்து ஒரு செப்புக் கட்டியை எடுத்து வந்தார். பெருவிரல் அளவு, ஒரு இரும்புக் கம்பியில் இறுக்கி, பிடிக்கு மரம் செருகியது. சிரட்டைக்கரியில் அதைப் போட்டுச் சூடாக்கி, நவச்சாரக் கட்டியில் ஒரு தடவை தேய்த்து, ஈயத்தைத் தொட்டு வேலை செய்வாராம். "ஒரு சூட்டுக்கு மூண்டு ஒட்டு வைக்கலாம். நாலாவதுக்கு ஆறிப்போம். அதால ரெண்டு கட்டி வைச்சிருந்தனான், ஒண்டு கையில, ஒண்டு நெருப்பில." ஈயம்? பழைய ரேடியோப் பலகைகளைச் சூடாக்கித் தட்டி எடுத்தது. இடம்பெயரும்போதெல்லாம் அந்தக் கட்டி கூடவே போயிருக்கிறது, 2009 முள்ளிவாய்க்கால் வரை. அதைக் கையில் வாங்கிப் பார்த்தேன். முப்பது வருடத்துக்கு மேல் பழகிய செம்பு, முனை இன்னும் ஒழுங்காக இருந்தது. "இதை அராவலாம் தம்பி, இது முழுச் செம்பு. உங்கடதை அராவக்கூடாது எண்டு நான் இவனுக்குச் சொன்னனான், கேக்கிறானில்லை." அண்ணை தலையைக் குனிந்துகொண்டு சிரித்தார்.

எருமைத் தயிரும் பாணிபோல இறுகிய காட்டுத்தேனும் தந்தார்கள். காசு கொடுக்க எடுத்ததைப் பெரியவர் பார்த்த பார்வையில் திரும்பப் பொக்கற்றில் வைத்தேன்.

06.08.2025, புதன் – ஒட்டுசுட்டான், முள்ளியவளை, முல்லைத்தீவு

மாங்குளத்திலிருந்து முல்லைத்தீவுக்குப் போகும் ஏ34 வீதியில் ஒட்டுசுட்டானுக்கு முன்னால், இரண்டு பக்கமும் காடு, பின் சில்லுக் காற்றுப் போய்விட்டது. போனில் சிக்னல் இல்லை. வெய்யில் உச்சிக்கு வந்துவிட்டது. தெருவில் யானை லத்தி காயாமல் கிடந்ததைப் பார்த்தபின் நிற்கவும் மனமில்லை, தள்ளவும் பலமில்லை, பையின் பாரம் வேறு. அரை மணித்தியாலம் தள்ளியிருப்பேன். லான்ட்மாஸ்ரர் உழவு மெஷினில் விறகு ஏற்றி வந்த ஒருவர் ஒன்றும் கேட்காமல் இறங்கி, மோட்டார் சைக்கிளை விறகுக்கு மேல் ஏற்றிக் கட்டி, ஒட்டுசுட்டானில் ஒரு ஒட்டுக்கடை வாசலில் இறக்கிவிட்டார். பெயரைக் கேட்கமுன்னமே போய்விட்டார்.

ஒட்டுக்கடையில் பழைய பிஸ்டன் ஒன்றைக் கவ்வியில் இறுக்கி, அதன் குழிக்குள் கொஞ்சம் மண்ணெண்ணெய் விட்டுக் கொளுத்தி, அந்தச் சூட்டில் ரியூப்பில் ரப்பர் ஒட்டினார்கள். நெருப்புத் தானாக அணையும்போது ஒட்டும் சரியாக வெந்திருக்கும், அதுதான் அளவு. 150 ரூபாய். சூடு எவ்வளவு, எத்தனை நேரம் என்று எந்தக் கருவியும் சொல்லாமல் மண்ணெண்ணெய் அளவால் பிடித்துவிடுகிறார்கள். நான் விற்கும் சூடு திருகும் வகை அயனில் 200இலிருந்து 450 பாகை என்று எண் போட்ட திருகி இருக்கிறது, வாங்குபவர்கள் எல்லோரும் அதை 450இல் விட்டுவிட்டு மறந்துவிடுகிறார்கள், முனை இன்னும் சீக்கிரம் எரிகிறது.

முள்ளியவளையில் அந்த ஹாட்வெயார் ஐயா விலாசம் சொன்ன வீடு. கல்வீடு, சீமெந்து விறாந்தை, விறாந்தை முழுக்க எல்ஈடி குமிழ்கள், காய்த்த கத்தரிக்காய்மாதிரிக் குவிந்து கிடந்தன. முப்பது வயதுக்குள் இருக்கும் ஒரு தங்கச்சி, கணவர் தோட்ட வேலை, நான்கு வயதில் ஒரு மகள். பக்கத்து ஊர்களில் இருந்தெல்லாம் குமிழ் வருகிறது. ஒன்றுக்கு 100 ரூபாய். புதுசு 450.

அவர் வேலை செய்வதைப் பக்கத்தில் இருந்து பார்த்தேன். வெள்ளை மூடியைக் கத்தி முனையால் சுற்றி நெம்பி எடுக்கிறார். உள்ளே வட்ட அலுமினியத் தட்டில் பத்துப் பன்னிரண்டு மஞ்சள் எல்ஈடி சில்லுகள். ஒன்றில் மட்டும் குண்டூசித் தலையளவு கறுப்புப் புள்ளி. அதுதான் செத்தது, அது ஒன்று அறுந்தால் வரிசையாகக் கோத்த அத்தனையும் அணைந்துவிடும். இனித்தான் எனக்கு ஆச்சரியம். அலுமினியத் தட்டு சூட்டை உறிஞ்சிக்கொண்டே போகும், மலிவு அயனால் அதில் ஈயத்தை உருக்கவே முடியாது. இவர் உடுப்பு அழுத்தும் பழைய மின்னழுத்தியை இரண்டு செங்கல்லுக்கு நடுவே கவிழ்த்து நிறுத்தி, அதன் மேல் தட்டை வைக்கிறார். மெல்ல எண்ணுகிறார், வாய்க்குள். இருபத்தைந்து சொல்லும்போது ஈயம் பளிச்சென்று கண்ணாடிமாதிரி மின்னியது. மயிர் பிடுங்கும் சாவணத்தால் செத்த சில்லை எடுத்து, வேறு பழைய தட்டில் இருந்து ஒன்றை அதே இடத்தில் வைத்து, அயன் முனையால் ஒரு தொடுகை. பிறகு தட்டை நிலத்தில் ஆற விட்டார். யார் சொல்லித் தந்தது என்று கேட்டேன். "ஒருத்தரும் இல்லை அண்ணை. போனில வீடியோ பாத்து அரைவாசி, கைச்சூட்டில அரைவாசி."

அவரிடமும் ஒரு பெட்டி நிறையச் செத்த அயன். ஆறு. எல்லாம் முனை. அவர் இப்போது பாவிப்பது சூடு திருகும் வகை, அதற்கு 900எம் என்ற முனை பொருந்தும், என் டப்பாவில் இருந்தது. இரண்டு மாற்றிக் கொடுத்து, 350க்கு மேல் திருக வேண்டாம், அரம் வேண்டாம், வேலை முடிந்து அணைக்கும்போது முனையில் ஈயத்தைப் பூசி விடுங்கோ என்று காட்டினேன். அவர் முனையைத் தொட்டுத் தொட்டுப் பார்த்துவிட்டுக் கேட்டது ஒன்றே ஒன்று: "இது எங்க விக்குது அண்ணை?" எனக்குச் சொல்ல ஒரு கடையும் இல்லை.

இன்னொன்றும் சொன்னேன். அந்தச் சின்ன மகள் அம்மாவின் மடியோடு ஒட்டிக்கொண்டு ஈயத் துண்டுகளைப் பொறுக்கி விளையாடிக்கொண்டிருந்தாள். நாம் ஈயம் என்று விற்கும் சுருளில் 63 பங்கு வெள்ளீயம், 37 பங்கு கறுப்பு ஈயம். கறுப்பு ஈயம் சின்னப் பிள்ளைகளின் மூளைக்குக் கூடாது. ஐரோப்பாவில் 2006 ஜூலையிலிருந்து புது மின்சாமான்களில், சில விதிவிலக்குகள் தவிர, அதைப் போட விடுவதில்லை. கறுப்பு ஈயம் கலக்காத சுருள் உருக 217 பாகை வேண்டும், இது 183இலேயே உருகும், அதோடு விலையும் குறைவு, அதனால் இங்கே எல்லோரும் இதுதான். சரி, பாவிக்கட்டும், ஆனால் கை கழுவாமல் சோறு குழைக்கக் கூடாது, பிள்ளை கையில் கொடுக்கவே கூடாது. இதை ஒரு வரி தமிழில் அச்சடித்துச் சுருளில் ஒட்ட எங்களுக்கு எவ்வளவு செலவாகும்? அவர் முகம் மாறிவிட்டது, உடனே மகளைத் தூக்கிக்கொண்டு கிணற்றடிக்குப் போனார். அவருடைய தாயார் தேசிக்காய்த் தண்ணி கொண்டு வந்து தந்து, "நீங்கள் சொல்லாட்டி எங்களுக்கு ஆர் தம்பி சொல்லுறது" என்றார்.

முல்லைத்தீவில் இரவுச் சாப்பாடு இடியப்பம், நந்திக்கடல் இறால் குழம்பு, 600 ரூபாய். கொஞ்சம் கூடத்தான், ஆனால் இறால் சின்ன விரல் நீளம், குழம்பில் தேங்காய்ப்பால் பிரியாமல் நின்றது. பக்கத்து மேசையில் இருந்த மீன்பிடிக்காரர் ஒருவர் தன் படகின் ஜிபிஎஸ் வயரைக் காட்டினார், ஈயத்தால் ஒட்டிய இடம் பாசி பிடித்தமாதிரிப் பச்சையாகிக் கிடந்தது. உப்புக் காற்று. ஈயம் வைத்தபின், ஈயம் பிடிக்கப் பூசிய பேஸ்டைத் துடைத்துவிட்டு வாணிஸ் ஒரு துளி பூசச் சொன்னேன்.

07.08.2025, வியாழன் – புதுக்குடியிருப்பு, கிளிநொச்சி

வட்டுவாகல் பாலம், புதுக்குடியிருப்பு, உடையார்கட்டு, விசுவமடு. வெய்யிலும் புழுதியும் தவிர எழுத அதிகமில்லை. வழியில் ஒரு கடையில் ஈயச் சுருள் ஒன்று 350 ரூபாய்க்கு இருந்தது, எங்கள் மொத்த விலையை விடக் குறைவு. வாங்கி அங்கேயே உருக்கிப் பார்த்தேன். சுருளில் 63/37 என்று போட்டிருக்கிறது. நல்ல 63/37 என்றால் தண்ணீராகி உடனே இறுக வேண்டும். இது நீண்ட நேரம் களிமாதிரிக் கிடந்து, இறுகியபின் சாம்பல் நிறம். வெள்ளீயத்தைக் குறைத்துவிட்டார்கள். அதற்குக் காரணமும் இருக்கிறது: வெள்ளீயம் 2022 மார்ச்சில் லண்டன் உலோகச் சந்தையில் தொன் 45,000 டாலரையும் தாண்டியது, இப்போது இறங்கியிருந்தாலும் கறுப்பு ஈயத்தை விடப் பல மடங்கு விலை. குறைத்தால் லாபம். ஆனால் களியாகக் கிடக்கும் நேரத்தில் வயர் ஒருக்கால் அசைந்தால் அந்த ஒட்டு நிற்காது. மல்லாவி அண்ணையிடம் திருத்தி இரண்டாம் நாள் திரும்பி வந்த மெஷின்கள் எத்தனை இப்படியோ.

கிளிநொச்சிக்கு மூன்று மணிக்கு வந்து கரடிப்போக்குச் சந்தியில் ஐஸ் போட்ட மோர் இரண்டு கிளாஸ் குடித்தபின்தான் கண் தெரிந்தது. அறிவியல்நகர்ப் பொறியியல் பீடத்தில் படிக்கும் இரண்டு பெடியளை அங்கே சந்தித்தேன். அவர்களிடம் பேனை அளவில் ஒரு அயன், யூஎஸ்பி சி வயரில் பவர் பாங்கிலிருந்தே எடுக்கிறது, பத்து வினாடியில் 300 பாகை. ஒன்லைனில் எடுத்ததாம். முனை சேர்த்து ஒன்பதாயிரம் ரூபாய். கொழும்பில் மலிவு அயன் ஏன் போகவில்லை என்பதற்கு இதுதான் விடை, அங்கே வேலை செய்கிறவர்கள் இந்தப் பக்கம் மாறிவிட்டார்கள். வன்னியில் மாறக் காசு இல்லை, 850 ரூபாய் அயனை வருடம் மூன்று தடவை வாங்குகிறார்கள். அந்தப் பெடியள் கெட்டிக்காரர்கள், ஒன்பதாயிரத்தை ஒருமிக்கப் போட்டால் எத்தனை வருடம் நிற்கும் என்று கணக்குப் போட்டே வாங்கியிருக்கிறார்கள். ஒருமிக்கப் போட ஒன்பதாயிரம் இருக்க வேண்டுமே.

08.08.2025, வெள்ளி – முறிகண்டி

ஆடி வெள்ளியும் பௌர்ணமியும் ஒன்றாக வந்த நாள், கிளிநொச்சியில் பாதிக் கடை பூட்டு. பார்க்க இருந்த இரண்டு இடத்தை விட்டுவிட்டுத் தெற்கே திரும்பினேன். முறிகண்டிப் பிள்ளையாரடியில் சனம் நிரம்பி வழிந்தது, தேங்காய் உடைக்கும் சத்தம் ஓயவில்லை. எல்லா வாகனமும் நிற்கும் இடம், நானும் நின்று, தேங்காய் ஒன்று உடைத்து, 200 ரூபாய்க்கு மணலில் வறுத்த கச்சான் வாங்கிக்கொண்டு ஒரு மரத்தடியில் இருந்தேன். கச்சான் விற்ற அம்மா அளந்து போட்டபின் ஒரு பிடி மேலே போட்டார், அது இங்கே எல்லோரும் செய்வது.

அங்கே சிக்னல் நன்றாக இருந்தது. முதலாளிக்கு எடுத்தேன்.

"எப்பிடி, போன் கடையள் கூடத்தானே? அடுத்த பெட்டிக்கு அயன் எத்தினை போட?"

"அயன் போட வேண்டாம் ஐயா. இருக்கிறதே காணும். முனை போடுங்கோ, எலிமென்ட் போடுங்கோ. மூண்டு முள்ளுப் பிளக் பூட்டின வயர் தனியாப் போடுங்கோ. ஈயம் பத்து அடி, பத்து அடியா வெட்டிச் சின்னப் பைக்கற், மேல தமிழில கை கழுவச் சொல்லி ஒரு துண்டு."

"முனையில என்ன மிஞ்சும்?"

"இருபது ரூபாய்."

அவர் கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை. நான் மல்லாவி உரப்பையைப் பற்றிச் சொன்னேன், பதினேழு, அதில் பதின்மூன்று இன்னும் சூடாகும் என்று. முள்ளியவளைத் தங்கச்சி எங்க விக்குது என்று கேட்டதையும் சொன்னேன். பின்னால் குறுக்குத் தெருவில் மூட்டை தூக்கும் நாட்டாமைகள் வண்டில் தள்ளிக்கொண்டு கத்தும் சத்தம் போனில் கேட்டது.

"எந்த அளவு?" என்றார்.

கொப்பியைத் திறந்து, மல்லாவியில் அளந்து எழுதிய பக்கத்தை எடுத்தேன். "எழுதுங்கோ ஐயா. 900எம், கூர் முனை, சாய்வு முனை ரெண்டும். பிறகு கம்பி முனை, நாலு மில்லிமீற்றர், அஞ்சு..."